பெரியவர் பெயர் முதலில்

எனக்குப் பொறுமை உண்டு என்று நான் நம்பிக்கொண்டிருந்த காலம் ஒன்று இருந்தது. எண்பதுகளின் நடுப்பகுதி. திருவண்ணாமலையில் டெலிபோன் ஆபரேட்டர் வேலை. மெட்ராசுக்கு டிரங்க் கால் புக் செய்துவிட்டுக் காலையிலிருந்து சாயங்காலம் வரைக்கும் "என்னம்மா ஆச்சு, என்னம்மா ஆச்சு" என்று கேட்பவர்களுக்கெல்லாம் குரலை உயர்த்தாமல் பதில் சொல்லியிருக்கிறேன். தாலுகா ஆபீஸ் படியேறிய பிறகுதான் எனக்குப் பொறுமையே கிடையாது, இத்தனை நாளும் சம்பளத்துக்காக அப்படி நடித்திருக்கிறேன் என்பது தெரிந்தது.

விஷயம் சின்னது. அடி அண்ணாமலையில் எங்களுக்கு நிலம் உண்டு. அப்பாவும் சித்தப்பாவும் நான் பாவாடை கட்டும் வயதிலேயே அதைப் பாகம் பிரித்துக்கொண்டார்கள். மலைப் பக்கம் இருந்த மேட்டுத் துண்டு சித்தப்பாவுக்கு. கிணறு இருந்த பள்ளத் துண்டு அப்பாவுக்கு. மேட்டில் பாறை அதிகம் என்பதால் சித்தப்பாவுக்கு அளவில் கொஞ்சம் கூட்டிக் கொடுத்தார்கள். கிணற்றுத் தண்ணீர் முறை வைத்து இரண்டு பேருக்கும். இதில் யாருக்கும் மனத்தாங்கல் இருந்ததில்லை.

அப்பா போன பிறகு அம்மா அந்தக் கிணற்றுத் துண்டை நம்பித்தான் இருந்தாள். நான் ஒரே பெண், கல்யாணமாகி டவுனில் இருந்தேன். என்னோடு வந்து இரு என்று கூப்பிட்டால், "பூவ யாரு பறிப்பா?" என்பாள். மல்லியும் கனகாம்பரமும் வைத்திருந்தாள். பறித்துக் கூடையில் கட்டி முதல் பஸ்ஸில் கோயில் வாசல் பூக்கடைக்கு அனுப்புவாள். கிணற்றை ஒட்டியே வீடு. அந்தத் தண்ணீர் இல்லாவிட்டால் பூவும் இல்லை, வீடும் இல்லை, அம்மாவும் இல்லை என்பதுதான் நிலவரம்.

மோட்டார் கரண்டு அப்பா பெயரில் இருந்தது. அதை அம்மா பெயருக்கு மாற்றலாம் என்று போனேன். பட்டா நகல் கேட்டார்கள். புதுப் பட்டாவை எடுத்துக்கொண்டு போனேன். கரண்டு ஆபீஸில் இருந்தவர் அதைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். "கெணறு இருக்கிற எடம் உங்களுது இல்லையேம்மா" என்றார்.

எங்களுடையது இல்லைதான். அதற்குச் சில வருஷம் முன்பு அரசாங்கம் ஊர் ஊராக நில ரெக்கார்டுகளைப் புதிதாக எழுதியது. அப்போது எங்கள் நிலத்தை ஒன்று, இரண்டு என்று உட்பிரிவு செய்திருந்தார்கள். ஒன்று மேட்டுத் துண்டு, இரண்டு கிணற்றுத் துண்டு. ஒன்றுக்கு அப்பா பெயரையும் இரண்டுக்குச் சித்தப்பா பெயரையும் போட்டிருந்தார்கள். அதாவது காகிதப்படி என் அம்மா இத்தனை நாளும் கொழுந்தனார் நிலத்தில் அத்துமீறிப் பூப்பறித்துக்கொண்டிருந்தாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போனேன். சித்தப்பா எங்கள் கிணற்றடியில் உட்கார்ந்து அம்மா கொடுத்த டீயைக் குடித்துக்கொண்டிருந்தார். தினமும் காலையில் வந்து அம்மாவுக்கு மோட்டார் போட்டுக் கொடுப்பது அவர்தான். அவ்வளவு நல்ல மனிதர். நல்ல மனிதர்களிடம் கோபப்படுவதுபோல அலுப்பான வேலை வேறு இல்லை.

"அளக்க வந்த அன்னிக்கு நெலத்துல யாரு சித்தப்பா இருந்தது?"

"நான்தான் இருந்தேன். உங்கப்பா மல்லாட்டை மூட்டைய விக்க கீழ்பென்னாத்தூர் போயிருந்தாரு."

"அவங்க என்ன கேட்டாங்க?"

"ரெண்டு துண்டும் யார் யாருதுனு கேட்டாங்க. சொன்னேன்."

"எப்பிடி சொன்னீங்க?"

"அண்ணன் பேரச் சொன்னேன். அப்பால என் பேரச் சொன்னேன்."

"அவங்க மலைப் பக்கத்துலேந்து இல்ல அளந்துகினு வந்தாங்க? மொதல் துண்டு உங்களுது. அப்ப உங்க பேர இல்ல மொதல்ல சொல்லணும்?"

நான் ஏதோ கெட்ட வார்த்தை பேசிவிட்டதுபோல் சித்தப்பா என்னைப் பார்த்தார். "அண்ணன் இருக்கையில என் பேர எப்பிடி பாப்பா முன்னாடி சொல்றது?"

அம்மா அடுப்படியிலிருந்து, "அதான, எப்பிடி சொல்வாரு?" என்றாள்.

இந்தக் குடும்பத்தைத் தெரிந்தவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது. கல்யாணப் பத்திரிகை அடித்தாலும், கோயிலுக்கு வரி எழுதினாலும், சாவு வீட்டில் மாலை போட்டாலும் பெரியவர் பெயர் முதலில், சின்னவர் பெயர் பின்னால். ஆடி மாசம் அம்மனுக்குப் பொங்கல் வைக்கும்போது பங்காளிகள் எல்லோரும் வரிசையாக அடுப்பு போடுவார்கள். ஆனால் பெரிய வீட்டுப் பானை பொங்கி வழிகிற வரைக்கும் மற்ற அடுப்புகளில் நெருப்பு ஏறாது. அந்தப் பெரிய வீடு எங்கள் வீடு. அப்பா போன பிறகும் அந்த மரியாதையை அம்மாவிடமிருந்து யாரும் எடுக்கவில்லை. சித்தி வருஷா வருஷம் தன் பானைக்குப் பக்கத்தில் தீப்பெட்டியோடு உட்கார்ந்து அம்மாவின் பானையைப் பார்த்துக்கொண்டிருப்பாள். இப்படிப்பட்ட வீட்டில் ஒருவரிடம் போய், நிலம் எந்த வரிசையில் இருக்கிறதோ அந்த வரிசையில் பெயரைச் சொல் என்றால் எப்படி? அளக்க வந்தவர் வெளியூர். அவருக்கு முதலில் கேட்ட பெயர் முதல் துண்டுக்கு.

ஒரு தப்பு நடந்தது, எப்படி நடந்தது என்றும் தெரிந்துவிட்டது, தப்பு செய்தவரே ஒப்புக்கொள்கிறார். இதைத் திருத்த ஒரு வாரம் போதும் என்று நினைத்தேன். அப்படி நினைத்த என்னை இப்போது நினைத்தாலும் பாவமாக இருக்கிறது.

தாலுகா ஆபீஸில் எங்கள் கிராமத்து ஃபைலைப் பார்க்கிற கிளார்க் மரியாதையான ஆள்தான். உட்காரச் சொன்னார். முழுக்கக் கேட்டார். பிறகு, "மேடம், ரெக்கார்டு தப்புனு சொல்றதுக்கு ஒரு ரெக்கார்டு வேணும்" என்றார்.

பாகப் பத்திரத்தைக் கொடுத்தேன். அதில் எல்லை எழுதியிருந்த அழகு இருக்கிறதே! இன்னார் நிலத்துக்கு வடக்கு, இன்னார் வரப்புக்கு மேற்கு, புளியமரத்துக்குத் தெற்கு. அந்த இன்னார்கள் எல்லோரும் செத்துப்போய் நிலங்கள் கைமாறிவிட்டன. புளியமரமும் ஒரு காற்றில் சாய்ந்து, அதன் விறகில்தான் எங்கள் வீட்டில் கொஞ்ச நாள் சமையல் நடந்தது.

"மரத்தக் காட்டுனா சர்வேயர் அத்து, அதான் எல்லை, காட்டிடுவாரு" என்றார் கிளார்க்.

"மரம் இல்லைங்க."

"அப்ப கஷ்டம்."

பழைய கர்ணத்தைக் கேட்கலாம் என்று அவர் வீட்டுக்குப் போனேன். கர்ணம் பதவியையே எடுத்துவிட்டதில் அவருக்கு உலகத்தின் மேலேயே கோபம். "என் கையில இருந்த வரைக்கும் எல்லாம் சரியா இருந்துச்சு" என்றார். நான் என்ன கேட்டாலும் அதையே சொன்னார். அவருக்குப் பதில் வந்த புது வி.ஏ.ஓ. வேலூர்ப் பக்கத்துப் பையன், எங்கள் நிலம் எந்தத் திசையில் இருக்கிறது என்று என்னையே கேட்டான்.

மனு கொடுத்தேன். ஃபைல் வேலூருக்குப் போனது. அப்போது எங்களுக்குக் கலெக்டர் ஆபீஸ் வேலூரில். மாசக்கணக்கில் சத்தமில்லை. பிறகு, அப்பாவின் இறப்புச் சான்றிதழ் இணைக்கப்படவில்லை என்று திரும்பி வந்தது. இணைத்தேன். வாரிசுச் சான்றிதழ் எங்கே என்று மறுபடி வந்தது. இரண்டையும் ஒரே தடவையில் கேட்டால் என்ன என்று நான் கேட்டதற்கு, "ஒன்னு வந்தாத்தான மேடம் இன்னொன்னு இல்லைனு தெரியும்?" என்றார் கிளார்க். யோசித்துப் பார்த்தால் அதில் ஒரு நியாயம் இருப்பதுபோலத் தோன்றியதுதான் எனக்கு அதிக எரிச்சல்.

வாரிசுச் சான்றிதழ் கையில் வந்தபோது கார்த்திகை நெருங்கிவிட்டது. தீபம் வந்தால் எங்கள் ஊரில் ஆபீசுகளில் ஆள் இருக்காது. நாற்காலி மட்டும் இருக்கும். ஒருவர் கூட்டத்தைப் பார்க்கப் போயிருப்பார், ஒருவர் பந்தலைப் பார்க்க, ஒருவர் வெளியூரிலிருந்து வரும் பெரிய அதிகாரிக்கு ரூம் பார்க்க. "தீபம் முடியட்டும் மேடம்." தீபம் முடிந்ததும், "தீபத்துக்கு வேலை செஞ்ச களைப்பு மேடம்." எக்ஸ்சேஞ்சில் மூன்று நிமிஷம் ஆனால் லைனில் குறுக்கே புகுந்து, பேச்சை முடிக்கச் சொல்கிற அதிகாரம் எனக்கு இருந்தது. அந்த அதிகாரத்தை ஒரே ஒரு நாள் தாலுகா ஆபீஸில் கொடுத்திருந்தால் எத்தனை பேரின் பேச்சை அறுத்திருப்பேன் என்று கற்பனை செய்துகொண்டே படியிறங்குவேன்.

இதற்கெல்லாம் ஒரு சுருக்குவழி இருந்தது. எதிர்தரப்பு, ஆமாம் தப்புதான் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் போதும். எதிர்தரப்பு என்பது தினமும் அம்மாவுக்கு மோட்டார் போட்டுக்கொடுக்கிற சித்தப்பா. எழுதித் தாருங்கள் என்று கேட்டேன். "பாக்கலாம் பாப்பா" என்றார். அடுத்த வாரமும் "பாக்கலாம் பாப்பா". மாட்டேன் என்று சொன்னாலாவது சண்டை போடலாம்.

காரணம் அவர் மகன். என்னைவிடச் சின்னவன், நான் இடுப்பில் தூக்கி வளர்த்த பிள்ளை. மலை தெரிகிற மாதிரி, தண்ணீர் இருக்கிற இடமாக ஒரு மடம் கட்ட யாரோ வெளியூர்க்காரர் தேடிக்கொண்டிருந்தார். இவன் பட்டாவைக் காட்டியிருக்கிறான். கிணற்றுத் துண்டு அவருக்குப் பிடித்துவிட்டது. விஷயம் தெரிந்து அவனைக் கேட்டேன்.

"பட்டா எங்கப்பா பேர்ல இருக்கு. அத நானாக்கா எழுதினேன்?"

"தப்பா எழுதினதுனு உனக்குத் தெரியும்டா."

"பெரியம்மாவ ரோட்டுல நில்லுனா சொல்றேன்? மேட்டுத் துண்டு அவங்களுக்கு இருக்குல்ல?"

"அங்க வெறும் பாறைதான்டா இருக்கு."

"இவ்ளோ நாளு அந்தப் பாறைய வச்சிக்கினுதானக்கா நாங்க வவுறு கழுவினோம்?"

 அவன் சொன்னது பொய் இல்லை. அதனால் எனக்கு அவன் மேல் கோபம் குறையவும் இல்லை.

அம்மாவிடம் சொன்னால் அவள் என்னைத்தான் திட்டினாள். "கொழுந்தனார ஆபீஸ் ஆபீஸா இழுக்காதடி. அவரு மானஸ்தரு." வீடு போய்விடும் அம்மா என்றேன். "அவரு விடமாட்டாரு" என்றாள். அவர் எதையும் விடவும் இல்லை, பிடிக்கவும் இல்லை என்பதுதான் பிரச்சினையே என்று கத்தினேன். அதற்கும் பூவைத் தொடுத்துக்கொண்டே இருந்தாள்.

தை பிறந்து தாசில்தார் விசாரணைக்குக் கூப்பிட்டார். சித்தப்பா வெளுத்த வேட்டி கட்டிக்கொண்டு மகனோடு வந்தார். என்னைப் பார்த்ததும், "சாப்ட்டியா பாப்பா?" என்றார். தாசில்தார் நேராகவே கேட்டார்.

"நீங்க எந்தத் துண்டுல பயிர் வைக்கிறீங்க பெரியவரே?"

சித்தப்பா மகனைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். மேலே ஃபேனைப் பார்த்தார். "ரெண்டுமே எங்க குடும்பத்துதுதாங்க" என்றார்.

எனக்கு அந்த இடத்திலேயே தலையில் அடித்துக்கொள்ளத் தோன்றியது. தாசில்தாருக்கும் அப்படித் தோன்றியிருக்க வேண்டும். நேரில் போய் அளந்து, யார் அனுபவத்தில் எது இருக்கிறது என்று எழுதிக்கொண்டு வரும்படி சர்வேயருக்கு உத்தரவு போட்டார். இதுதான் கடைசி, இதில் எழுதுவதுதான் நிற்கும் என்று எங்கள் இரண்டு பேரையும் பார்த்துச் சொன்னார்.

சர்வேயர் வருகிறேன் என்று சொன்ன நாள் எல்லாம் போய், வருகிறேன் என்று சொல்லாத ஒரு நாளில் வந்தார். நல்லவேளை அன்று எனக்கு லீவு, ஊரில் இருந்தேன். வெயில். குடை பிடித்துக்கொண்டு அவர், சங்கிலியைத் தூக்கிக்கொண்டு தலையாரி. பக்கத்து நிலத்துக்காரர்கள் நாலைந்து பேர் சாட்சிக்கு வந்து நின்றார்கள். மலைப் பக்கத்திலிருந்து சங்கிலி போட்டுக்கொண்டு வந்தார்கள். சித்தப்பா கூடவே நடந்தார். பின்னால் அவர் மகன். மேட்டுத் துண்டு முடிகிற வரப்பில் சர்வேயர் நின்று, காகிதத்தை அட்டையில் வைத்து, பேனாவைத் திறந்தார்.

"சரி, மொதல் துண்டு, ரெண்டாவது துண்டு. யார் யார் அனுபவம்? வரிசையா சொல்லுங்க."

சித்தப்பா தொண்டையைச் செருமிக்கொண்டு, என் அம்மாவின் பெயரைச் சொன்னார்.

மகனுக்குப் பயந்து சொன்னாரா என்றால் இல்லை. அவன் முகமே அவர் பக்கம் இல்லை. பெரிய வீட்டுப் பெயர் முதலில் வரவேண்டும், அவ்வளவுதான் அவருக்கு. மறுபடி அதே இடம், அதே கேள்வி, அதே மரியாதை. நான் அப்போது என்ன கத்தினேன் என்று எனக்கு முழுதாக நினைவில்லை. உங்கள் மரியாதையில் நெருப்பை வைக்க என்று சொன்னதாகப் பக்கத்து நிலத்துக்காரர் பின்னாளில் சொன்னார். சர்வேயர் பேனாவை மூடிவிட்டு, "மொதல்ல வீட்ல பேசி முடிங்கம்மா, நான் கெளம்பறேன்" என்றார்.

சத்தம் கேட்டு அம்மா கிணற்றடியிலிருந்து வந்தாள். ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டே வரப்பேறி வந்து சர்வேயருக்கு முன்னால் நின்றாள்.

"கொழுந்தனாரு பேர மொதல்ல எழுதுங்க. எம் பேரு பின்னாடி வரட்டும்."

"அது எப்பிடி அண்ணி?" என்றார் சித்தப்பா.

"அவரு இருந்தாரு, அவரு பேரு முன்னாடி வந்துச்சு. இப்ப அவரு இல்ல. இந்தக் குடும்பத்துக்கு இனிமே நீங்கதான் பெரியவரு. எல்லாரும் இருக்கையிலயே சொல்றேன்."

 சித்தப்பா தோளில் இருந்த துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டு அழுதார். அப்பா செத்த அன்றுகூட அவர் அப்படி அழுது நான் பார்க்கவில்லை. எனக்கு அவரைக் கட்டிக்கொள்ளவும் தோன்றியது, சர்வேயர் போய்விடப் போகிறாரே என்று பதற்றமாகவும் இருந்தது.

பிறகு துண்டை இறக்கி, சர்வேயரிடம் சொன்னார். "ஒன்னு என் பேரு எழுதுங்க. ரெண்டு அண்ணி பேரு. கெணறு ரெண்டுல வருது."

"அப்பா" என்றான் மகன்.

"பெரியவன் சொல்றேன்ல" என்றார் சித்தப்பா. அவர் அப்படிப் பேசி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. மகன் தலையைக் குனிந்துகொண்டு மேட்டுப் பக்கம் நடந்து போய்விட்டான். சித்தப்பா கையெழுத்துப் போட்டார். சாட்சிகள் போட்டார்கள். மடம் கட்ட வந்தவர் வேறு இடம் பார்த்துக்கொண்டார். திருத்திய பட்டா வருவதற்கு இன்னும் சில மாசம் ஆனது, அதற்குள் நான் அந்தப் படிகளில் எத்தனை தடவை ஏறி இறங்கினேன் என்பதை விட்டுவிடுகிறேன். வந்த பட்டாவில் ஒன்றுக்குச் சித்தப்பா பெயர், இரண்டுக்கு அம்மா பெயர். கரண்டும் மாறியது. ஜெயித்துவிட்டேன் என்று எக்ஸ்சேஞ்சில் எல்லோருக்கும் லட்டு கொடுத்தேன்.

ஆடி வந்தது. அம்மன் கோயில் முன்னால் பங்காளிகள் அடுப்பு போட்டார்கள். பூசாரி கற்பூரத் தட்டோடு வந்தார். நேராக எங்கள் அடுப்புக்கு வரவேண்டியவர், சித்தியின் அடுப்புக்குப் போய் நின்றார். வரப்பில் அம்மா சொன்னதைச் சாட்சிக்கு நின்றவர்கள் ஊரில் சொல்லியிருக்கிறார்கள். சொல்லத்தான் செய்வார்கள். சித்தி பதறிப்போய், "அக்கா, நீங்க மூட்டுங்க" என்றாள். சித்தப்பா அங்கே நிற்கவே முடியாமல் தேர்க்கொட்டகைப் பக்கம் போய்விட்டார்.

"நீ மூட்டும்மா, நேரமாவுது" என்றாள் அம்மா.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அம்மாவின் காதருகில் போய், "அது ரெக்கார்டுக்காகச் சொன்னதுதான? இங்க எதுக்கு விட்டுக்குடுக்குற?" என்றேன்.

"அங்க ஒன்னு, இங்க ஒன்னு சொல்றதுக்கு நான் என்ன தாலுகா ஆபீஸா?"

கல்யாணமாகி வந்த பிறகு ஒரு வருஷமும் விடாமல் முதல் அடுப்பு மூட்டியவள், தீப்பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு சித்தியின் பானையைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். ஒரு காகிதத்தில் ஒன்று என்பதையும் இரண்டு என்பதையும் இடம் மாற்ற இதைக் கொடுக்கவேண்டி வந்தது. யாரைப் போய்க் கேட்பது? எந்த ஆபீஸில் இதற்கு மனு கொடுப்பது? அந்த ஆத்திரம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

சித்தியின் பானை பொங்கி வழிந்தது. எல்லோரும் பொங்கலோ பொங்கல் என்றார்கள். அம்மாவும் சொன்னாள். பிறகு குனிந்து தன் அடுப்பை மூட்டினாள். விறகு ஈரம். ஊதி ஊதிக் கண் சிவந்து, தண்ணீர் வடிந்தது.

"புகைடி" என்றாள், நான் எதுவும் கேட்காமலே.